நாற்பத்தொரு இல்லையும் ஒரு ஓமும்

லண்டன் நோர்பரியில் அந்தத் தெருவில் யார் வீட்டுத் திரைச்சீலை மாறியது, யார் வீட்டுக் குப்பைத்தொட்டியில் எந்தக் கடைப் பெட்டி கிடந்தது, யாருடைய மருமகன் மூன்று நாளாகச் சோபாவில் படுக்கிறான் என்பதெல்லாம் பியற்றிஸுக்குத் தெரியும். தெரிந்ததைத் தன்னோடேயே வைத்திருக்கிற பழக்கம் மட்டும் அவளிடம் கிடையாது. ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து, தேவாலய மண்டபத்தில் தேநீர் குடிக்கிற இருபது நிமிடத்துக்குள் ஒரு கிழமையின் ஏழு நாள் செய்தியையும் வாசித்து முடித்துவிடுவாள். இரண்டாவது கோப்பைக்கு விளக்கவுரையும் உண்டு.

அப்படிப்பட்டவளைத்தான் கவுன்சில் தேடிப்பிடித்து, கழுத்தில் அட்டை மாட்டி, வீடு வீடாகப் போய்க் கேள்வி கேட்கச் சொன்னது.

பிடித்தவள் விதுஷா. கவுன்சிலின் பொதுச் சுகாதாரப் பிரிவில் வேலை பார்க்கிற பிள்ளை. தோர்ன்ரன் ஹீத்தில் பிறந்து வளர்ந்ததால் தமிழ் வாய்க்குள் வரும்போது பாதி வழியில் ஆங்கிலமாக மாறிவிடும். துவக்கால், அதாவது துப்பாக்கியால், போகிற உயிர்களைப் பொலிசின் தலைவலியாக மட்டும் பார்க்காமல், காய்ச்சலைப்போல, சலரோகத்தைப்போல ஒரு சுகாதாரப் பிரச்சினையாகப் பார்க்க வேண்டும் என்பது அவளுடைய திட்டம். நூலகத்தின் மேல்மாடியில் ஒரு சனிக்கிழமை பயிற்சி வைத்தாள்.

"பிள்ளை, துவக்கு என்ன தொத்து வருத்தமே?" என்று முதல் கேள்வியைப் பியற்றிஸே கேட்டாள்.

"ஒரு மாதிரி ஓம் அன்ரி. பொலிஸ் ஆஃப்டர் வருவினம். நாங்கள் பிஃபோர் போகவேணும். மலேரியா மாதிரி. கடிச்ச பிறகு ஊசி போடுறது வேறை. தண்ணி தேங்குற இடத்தை முதலே பாக்கிறது வேறை."

மலேரியா என்றதும் பியற்றிஸுக்கு எல்லாம் விளங்கிவிட்டது. மன்னாரில் அவள் சின்னப்பிள்ளையாக இருந்தபோது, மருந்தடிக்க வருகிற மலேரியாக்காரர் கேட்டுக் கேள்வியில்லாமல் படுக்கையறைவரை போவார். ஒரு ஊரில் எல்லா வீட்டுப் படுக்கையறையையும் பார்த்த ஒரே மனிதர். அந்த உத்தியோகம் தனக்கு இப்படி லண்டனில் வந்து சேரும் என்று அவள் நினைத்திருக்கவில்லை.

"எல்லாருக்கும் தெருவிலை நிக்கிற ஆக்களிலைதான் பயம்," என்றாள் விதுஷா. "ஆனா லைசென்ஸோடை, அலுமாரிக்குள்ளை பூட்டி வைச்சிருக்கிற துவக்கும் இருக்கு. அது முதல்லை டேஞ்சர் ஆருக்கு எண்டால், அந்த வீட்டுக்காரருக்குத்தான். ஒராள் மனசு உடைஞ்சு போயிருக்கிற டைம் இருக்குதெல்லோ, அது பாஸ் பண்ணிப் போயிடும் அன்ரி. அந்த டைமிலை துவக்கு பக்கத்திலை இல்லாட்டி ஆள் மிஞ்சும். அவ்வளவுதான்."

கேள்விகள் மூன்று. வீட்டில் துவக்கு ஏதும் இருக்கிறதா? இருந்தால் எங்கே, எப்படிப் பூட்டியிருக்கிறது? வீட்டில் யாராவது சாக வேண்டும்போல் மனம் சோர்ந்திருக்கிறார்களா? மூன்றாவதைச் சுற்றி வளைக்காமல் நேராகக் கேட்க வேண்டும், கேட்பதால் யாருக்கும் அந்த எண்ணம் புதிதாக வந்துவிடாது என்று விதுஷா இரண்டு தரம் சொன்னாள். எதையும் தொடக்கூடாது, அலுமாரித் திறப்பை வாங்கக்கூடாது, ஆபத்து என்று பட்டால் உடனே அழைக்க வேண்டும். தாளின் பின்பக்கத்தில் கவனிக்க வேண்டிய அறிகுறிகள் என்று ஒரு பட்டியல் இருந்தது. அதை விளக்கிக்கொண்டிருந்தபோது டூட்டிங் கடையிலிருந்து சூடாக ரோல்ஸ் வந்து இறங்கியதால், பியற்றிஸ் அந்தப் பகுதியை மேசையின் மற்றத் தொங்கலில் நின்று அரைக் காதால்தான் கேட்டாள். கேட்டதை யாருக்கும் சொல்வதில்லை என்ற படிவத்தில் கையெழுத்தைப் போட்டாள். அது எவ்வளவு பெரிய கையெழுத்து என்று அப்போது அவளுக்குத் தெரியாது.

வீட்டில் அவளுடைய கணவர் செபமாலைமுத்து, முப்பது வருடம் லண்டன் பஸ் ஓட்டி ஓய்ந்தவர், அட்டையைக் கையில் வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"ரகசியம் காக்கவேணுமாமோ? உன்னையோ எடுத்தவை? ஆள் விசாரிக்கிறதில்லையோ கவுன்சிலிலை?"

"நீங்கள் சும்மா இருங்கோ. மனிசரை விளங்கின ஆள் வேணுமாம்."

"விளங்குறதுக்கு ஆள் எடுத்தால் சரி. விளம்பரத்துக்கு எடுத்தால்தான் உன்னை எடுக்கவேணும்," என்றுவிட்டு அவர் தோசையைத் தேங்காய்ச் சம்பலில் தோய்த்தார்.

தோசை நல்ல மெத்தென்று இருந்தது. அதற்கும் ஒரு கதை உண்டு. அந்த மா அரைபட்டது புதிதாக வீட்டுக்கு வந்த கிரைண்டரில். கொடுத்தவர் தெருக்கோடி வீட்டுக் கனகலிங்கம். இரண்டு பெற்றோல் ஸ்ரேஷன் நடத்தி, விற்று, அறுபத்தொரு வயதில் வீட்டோடு இருக்கிறவர். மனைவி வசந்தமலர் மகள் மேனுஷாவின் பிரசவத்துக்கென்று ரொறன்ரோவுக்குப் போய் எட்டு மாதம். கேட்கிறவர்களுக்கெல்லாம் "அடுத்த மாதம் வாறா" என்பார். ஒவ்வொரு மாதமும் அதையே சொல்வார். கொஞ்ச நாளாக அவருக்குக் கொடைக்குணம் பொங்கி வழிந்தது. புல்வெட்டும் மெஷின் ஒரு வீட்டுக்கு, ஏணி ஒரு வீட்டுக்கு, மீன்தொட்டி மீனோடு இன்னொரு வீட்டுக்கு. சுவர் மணிக்கூட்டைக்கூடக் கழற்றிக் கொடுத்துவிட்டார். தெரு முழுவதும் அவரைக் கர்ணன் என்றது. இந்தியாவில் செய்த கல்லுக் கிரைண்டர் தன்னைத் தேடி வந்ததைப் பியற்றிஸ் மூன்று ஞாயிறு தொடர்ந்து மண்டபத்தில் சொல்லிக்கொண்டிருந்தாள்.

திங்கட்கிழமை அட்டையை மாட்டிக்கொண்டு புறப்பட்டாள். நாலு தெரு, நாற்பத்திரண்டு வீடு.

முதல் வீட்டுக்காரர் தபால் கந்தோரில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். கதவைத் திறந்ததும் முதலில் கண்ணில் பட்டது கழுத்து அட்டை, பிறகு கையிலிருந்த தாள், அதற்குப் பிறகுதான் பியற்றிஸ்.

"அண்ணை, ஒண்டுமில்லை, ஒரு கேள்வி. வீட்டிலை துவக்கு ஏதும்..."

"இல்லை."

"இருக்கோ எண்டு கேக்க முதலே..."

"இல்லை, இல்லை. ஒண்டும் இல்லை." வீட்டுக்குள் திரும்பிக் கத்தினார்: "எல்லாரும் வெளியாலை வாங்கோ!"

இப்படி ஒரு கேள்வியை அந்த மனிதரிடம் இதற்கு முன்னர் ஊரில் இலங்கை, இந்தியா என்று இரண்டு நாட்டு ஆமிக்காரரும், அவர்களுக்கு இடையில் வந்துபோன வேறு பலரும், எல்லாரும் கையில் துவக்கோடு நின்றுதான் கேட்டிருக்கிறார்கள். வீட்டிலிருந்த ஐந்து பேரும் வயதுப்படி நடைபாதையில் வரிசையாக நின்றார்கள். அவர் மண்ணிறக் கடித உறையொன்றைக் கொண்டுவந்து, கடவுச்சீட்டு, தொண்ணூற்று மூன்றாம் ஆண்டு அகதியாக ஏற்றுக்கொண்ட ஹோம் ஒஃபிஸ் கடிதம், கவுன்சில் வரி பில், குடும்பப் படம் என்று ஒவ்வொன்றாக எடுத்து நீட்டினார். மனைவி தானாகவே அரிசி வாளியைத் திறந்து கையை முழங்கைவரை விட்டுத் துழாவிக் காட்டினாள்.

"அக்கா, அரிசிக்குள்ளையும் வடிவாப் பாருங்கோ. பிறகு ஒரு கதை வரக்கூடாது."

அடுத்த வீட்டில் ஒருவர் "நே மாத்தயா" என்று சிங்களத்தில் தொடங்கி, "நஹி" என்று ஹிந்தியில் தொடர்ந்து, "நோ" என்று ஆங்கிலத்துக்கு வந்து, கடைசியில்தான் எதிரே நிற்பது சேலையுடுத்த பியற்றிஸ் என்று கண்டு தமிழில் முடித்தார். குரொய்டனில் பிறந்து குரொய்டனைத் தாண்டாத இருபத்து நாலு வயதுக்காரன்கூட அதே வேகத்தில் இல்லை என்றான். மூக்கும் காதும் வருவதுபோல இதுவும் பரம்பரையாக வந்திருக்க வேண்டும். சென்னைக்காரர் சேஷாத்ரி வீட்டில் மட்டும்தான் "சர்வேயா? ஆமா ஆமா, உள்ள வாங்க மேடம், காபி சாப்பிடுறீங்களா?" என்று உட்காரவைத்தார்கள். அங்கேயும் துவக்கு இல்லை.

வியாழக்கிழமையோடு நாற்பத்தொரு வீடு. நாற்பத்தொரு இல்லை. மூன்றாவது கேள்விக்கும் அப்படித்தான். கேள்வி முடிய முன்னர், மூச்சு விடாமல், கண் இமைக்காமல் ஒரு இல்லை. பியற்றிஸுக்கு வெறுத்துப்போனது. நாலு நாளாகக் கால் நோக நடந்தும் மண்டபத்துக்குக் கொண்டுபோக ஒரு துண்டுச் செய்தி இல்லை.

வெள்ளிக்கிழமை காலை மீனை வெட்டி மஞ்சள் பூசி வைத்துவிட்டு, கடைசி வீடான கனகலிங்கத்தின் கதவைத் தட்டினாள்.

"வாரும் பியற்றிஸ். உம்மைத்தான் பாத்துக்கொண்டு இருந்தனான். நாலு தெருவும் அடையாள அட்டையோடை லைனிலை நிக்குதாம் எண்டு கேள்வி."

"அதை ஏன் கேக்கிறியள் அண்ணை. ஒருத்தி அரிசி வாளிக்குள்ளை கையை விட்டுக் காட்டுறாள்." அவள் குசினிக் கதிரையில் அமர்ந்து, இல்லை என்ற பெட்டியில் பாதிக் கோட்டை முதலே கீறிக்கொண்டு கேட்டாள்: "வீட்டிலை துவக்கு ஏதும் இருக்கோ?"

"ஓம். இருக்கு."

பேனை நின்றது.

"என்னது?"

"துவக்கு. மேலை, இரும்பு அலுமாரியிலை. லைசென்ஸ் இருக்கு, பயப்பிடாதையும். களிமண் தட்டை எறிய எறியச் சுடுற கிளப் ஒண்டு. லண்டனுக்கு வெளியாலை, சரேயிலை. கடைக்குப் பெற்றோல் அடிக்க வந்த வெள்ளைக்காரர் சேத்துவிட்டவை. பத்துப் பதினைஞ்சு வருசம் இருக்கும்."

அங்கே துவக்கைக் கண்டு மூன்று கடல் தாண்டி ஓடிவந்த மனிதர், இங்கே பொலிசுக்கு விண்ணப்பித்து, படம் ஒட்டி, கையெழுத்து வைத்து அதையே வாங்கி வைத்திருந்தார். பச்சைக் கோட்டும் தட்டைத் தொப்பியுமாக அவர் வெள்ளைக்காரரோடு நிற்கும் படம் ஒன்று பிரிட்ஜின்மேல் சாய்ந்து கிடந்தது. பியற்றிஸின் மனம் அப்போதே மண்டபத்துக்குப் போய்விட்டது. கோப்பையை மேசையில் வைத்து, தொண்டையைச் செருமி, எந்த இடத்தில் நிறுத்தி எந்த இடத்தில் மூச்செடுப்பது என்பதுவரை முடிவாகிவிட்டது. மண்டபத்தில் எப்போதும் முன்னுக்கு நின்று கேட்கிற பெனிற்றாவின் வாய் திறந்தபடி நிற்பது கண்ணில் தெரிந்தது.

இரண்டாவது கேள்விக்காகத் தாளைத் திருப்பினாள். அவசரத்தில் பின்பக்கம் வந்துவிட்டது. கவனிக்க வேண்டிய அறிகுறிகள். நாலாவது வரியில் ரோல்ஸ் எண்ணெய் பட்டு ஊறியிருந்தது. அதனாலேயே அந்த வரி மற்றவற்றைவிடக் கறுப்பாகத் தெரிந்தது. தன் பொருள்களைப் பிறருக்குக் கொடுத்துத் தீர்த்தல்.

பியற்றிஸ் தலையை நிமிர்த்தினாள். சுவரில் மணிக்கூடு இருந்த இடத்தில் வெளிறிய வட்டம். மீன்தொட்டி இருந்த மேசையில் நாலு கால் தடம். யன்னலோரத்துக் கறிவேப்பிலைக் கன்று தடியாக நின்றது. கழுவுதொட்டியில் ஒரு கோப்பை, ஒரு கரண்டி. அதற்குப் பக்கத்தில், குசினித் தட்டில், வருடக்கணக்காக ஒரு கிரைண்டர் இருந்த அடையாளம். அந்தக் கிரைண்டரில் மூன்று ஞாயிறாக உழுந்து அரைத்துத் தின்றுகொண்டிருப்பது யார்?

எந்த வீட்டுக் குப்பைத்தொட்டியையும் எட்டிப் பார்க்கிறவள். இவ்வளவு பெரியதைக் கையில் வாங்கிக்கொண்டு, நன்றி சொல்லி, தூக்கிக்கொண்டு போயிருக்கிறாள்.

"கனகலிங்கண்ணை," என்றாள். தாளைக் குப்புற வைத்தாள். "இன்னும் ஒரு கேள்வி இருக்கு. நேரா கேக்கச் சொன்னவை. உங்களுக்குச் சாகவேணும் போலை எண்ணம்..."

"இல்லை."

மூச்சு விடாமல், கண் இமைக்காமல் வந்த இல்லை. அந்தக் கிழமையில் அதே ஓசையை அவள் நாற்பத்தொரு வீட்டில் கேட்டிருந்தாள். துவக்கைக் கேட்டபோது ஆறுதலாக ஓம் சொன்ன மனிதர், இதற்கு ஏன் அவர்களோடு வரிசையில் நிற்கிறார்?

"அண்ணை," என்றாள் பியற்றிஸ், "நான் ஆமி இல்லை."

கனகலிங்கம் தண்ணீர்க் குழாயைப் பார்த்தார். அது சொட்டிக்கொண்டிருந்தது. எழுந்து போய் இறுக்கினார். திரும்பி வந்து இருக்கவில்லை, அங்கேயே நின்றார்.

"வசந்தமலர் வரமாட்டாவாம். சித்திரையிலேயே சொல்லிப்போட்டா. சண்டை ஒண்டுமில்லை. அங்கை பேரப்பிள்ளை இருக்கு, இஞ்சை நீங்கள் மட்டும்தானே இருக்கிறியள் எண்டா." குழாயை இன்னொரு தரம் இறுக்கினார். "அது உண்மைதானே. நான் மட்டும்தானே."

"அப்ப அந்த எண்ணம் இருக்கு."

"ஓம்," என்றார் சுவரைப் பார்த்தபடி. "மேலை போய் அலுமாரியைத் திறந்து பாத்திட்டுப் பூட்டிப்போட்டு வாறன். ஒவ்வொரு நாளும்."

அழுவதற்கு இது இடமில்லை என்று பியற்றிஸுக்குப் பட்டது. எழுந்து கேத்தலைப் போட்டாள். சீனி இல்லை. சீனியையும் யாருக்கோ கொடுத்துவிட்டாரோ என்னவோ. சீனியில்லாத தேநீரை அவர் கையில் திணித்துவிட்டு, தாளில் எழுதியிருந்ததை ஞாபகப்படுத்தினாள். தொடக்கூடாது. திறப்பு வாங்கக்கூடாது. ஆனால் அது இந்த வீட்டில் இருக்கக்கூடாது.

"உந்தத் துவக்கை வேறை எங்கையாவது வைக்க ஏலாதோ?"

"துவக்குக் கடைக்காரர் வைச்சிருப்பார். கிளப்புக்குப் பக்கத்திலை. பதிவு இருக்கிற ஆள்."

"அப்ப எழும்புங்கோ."

"இப்பவோ?"

"மீன் வெட்டி வைச்சிட்டு வந்தனான் அண்ணை, கெதியிலை போயிட்டு வரவேணும்."

அவர் அவளைப் பார்த்தார். "பியற்றிஸ், இது வெளியாலை தெரிஞ்சால் நான் பிறகு கதவு திறக்கமாட்டன். உமக்கும் திறக்கமாட்டன். ஒருத்தருக்கும் தெரியக்கூடாது."

"சொல்லமாட்டன்."

"ஆர், நீரோ?"

கனகலிங்கத்துக்குச் சிரிப்பு வந்தது. முதலில் மூக்கால், பிறகு வயிற்றால். தேநீர் புரையேறி, கண்ணில் தண்ணீர் வந்து, மேசையைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். பியற்றிஸுக்குக் கோபம் வந்திருக்க வேண்டும். ஆனால் மாதக்கணக்கில் பாவிக்காத கதவு திறந்ததுபோல அந்தச் சிரிப்பு கிறீச்சிட்டதைக் கேட்டுக்கொண்டு சும்மா நின்றாள்.

"விதுஷாப் பிள்ளைக்கு மட்டும் சொல்லவேணும்," என்றாள். "அது சட்டம். அந்தப் பிள்ளை உங்கடை டொக்டரோடை கதைக்க ஒழுங்கு செய்யும். மற்றபடி மாதாவாணை, ஒரு குஞ்சுக்கும் தெரியாது."

கனகலிங்கம் கொண்டுவந்த துவக்கு உறையோடு அவருடைய காரின் பின்பெட்டியில் பூட்டப்பட்டது. பியற்றிஸ் கழுத்து அட்டையைக் கழற்றிக் கைப்பைக்குள் ஒளித்துவிட்டு, எடுபடாத விதுஷாவின் போனுக்கு இன்னொரு தரம் அடித்தபடி முன்சீட்டில் ஏறினாள். அங்கேதான் வந்தது வினை. லண்டன் றோட்டில் மீன்கடைக்கு முன்னால் கார் நின்ற இடத்தில், பாதசாரிக் கடவையைக் கடந்துகொண்டிருந்தவள் பெனிற்றா. பாடகர் குழுவில் உச்சக்குரல் பாடுகிறவள். பூசையிலும் உச்சக்குரல், மண்டபத்திலும் உச்சக்குரல். கண்ணாடிக்கு உள்ளே கனகலிங்கத்தையும், பக்கத்தில் சேலையைச் சரிசெய்துகொண்டிருந்த பியற்றிஸையும் கண்டாள். பாதித் தெருவில் அப்படியே நின்றாள். கையிலிருந்த பையில் விளைமீன் வால் ஆடியது. பின்னாலிருந்த பஸ்காரன் ஹோர்ன் அடித்த பிறகுதான் நகர்ந்தாள்.

சரேயில் கடைக்காரர் எழுபது வயது வெள்ளைக்காரர். காலடியில் ஒரு கிழட்டு நாய். துவக்கை வாங்கி, இலக்கத்தைப் பார்த்து, பதிவேட்டில் எழுதி, எத்தனை நாளைக்கு என்று கேட்டார். "தெரியாது" என்றார் கனகலிங்கம். கடைக்காரர் பியற்றிஸைப் பார்த்தார். "மனைவியா?"

"நோ, நோ. கவுன்சில்," என்றாள் பியற்றிஸ்.

அதற்கு மேல் அவர் ஒன்றும் கேட்கவில்லை. இப்படி இடைக்கிடை சிலர் கொண்டுவந்து வைப்பார்கள், எவ்வளவு காலம் கிடந்தாலும் தனக்குப் பாரமில்லை என்றார். பிறகு சீனி போட்டுத் தேநீர் கொடுத்தார்.

திரும்பி வரும் வழியில்தான் விதுஷா போனை எடுத்தாள். திங்கட்கிழமை டொக்டர், புதன்கிழமை ஒரு ஆலோசகர், அதுவரை ஒவ்வொரு நாளும் யாராவது போய்ப் பார்க்க வேண்டும் என்றாள். "அன்ரி, நீங்க செய்தது எல்லாம் கரெக்ட். யூ ஓகே?"

"மீன்தான் பழுதாப் போச்சு பிள்ளை," என்றாள் பியற்றிஸ்.

அன்றைக்குத் தொடங்கியது அவளுடைய தவம். தினமும் பத்து மணிக்குக் கனகலிங்கம் வீட்டுக்குக் கறிச்சட்டியோடு போவாள், தேநீர் போடுவாள், இரவு எப்படி என்று கேட்பாள், அரை மணித்தியாலத்தில் வெளியே வருவாள். வெளியே வரும்போது வாய் ஊறும். தொண்டைக்குள் முழு மீன்முள் நிற்பதுபோல அந்தச் செய்தி நிற்கும். விழுங்கவும் ஏலாது, துப்பவும் ஏலாது. இரண்டாம் கிழமை பிறஷர் ஏறியது. மூன்றாம் கிழமை பாவசங்கீர்த்தனத்துக்குப் போனாள்.

"பாதர், எனக்கு ஒரு விசயம் தெரியும். ஒருத்தருக்கும் சொல்லாமல் இருக்கிறன்."

திரைக்கு அப்பால் பாதர் கொஞ்சம் யோசித்தார். "அது பாவம் இல்லையே அம்மா. நல்ல விசயமெல்லோ."

"அதுதான் பாதர். பழக்கமில்லை."

"வேறை?"

"ஒரு கிரைண்டர் வாங்கினனான்," என்றுவிட்டு, இதற்கு மேல் கதைத்தால் எல்லாம் வந்துவிடும் என்று எழுந்து ஓடிவந்துவிட்டாள்.

இதற்கிடையில் மண்டபம் வேலை செய்துகொண்டிருந்தது. மனைவி வெளிநாட்டில், தினமும் பத்து மணி, மூடின சட்டி, முன்சீட்டு. போதாததற்கு ஒரு கிரைண்டர் வேறு. பெனிற்றா ஞாயிற்றுக்கிழமை கோப்பையோடு பக்கத்தில் வந்து நின்றாள்.

"பியற்றிஸக்கா, கண்டு கனநாள். கனகலிங்கண்ணைக்கு உடம்பு ஏதும் சரியில்லையோ? கறி எல்லாம் போகுதாம்."

"ஆருக்குத்தான் உடம்பு சரி."

"மனிசி அடுத்த மாதம் வாறாவோ?"

"எனக்கெப்பிடித் தெரியும்?"

பியற்றிஸ் தனக்குத் தெரியாது என்று சொன்னதை அந்த மண்டபம் கேட்டது அதுதான் முதல் தடவை. அதைவிடப் பெரிய ஒப்புதல் வாக்குமூலம் வேறு தேவைப்படவில்லை. ஒரே ஒரு வசனம் போதும், அவளுடைய மானம் திரும்பிவிடும். அந்த வசனம் வெளியே வந்தால் தெருக்கோடியில் ஒரு கதவு மூடிவிடும். அவள் ரோல்ஸ் ஒன்றை எடுத்து முழுதாக வாய்க்குள் அடைத்தாள். வாய் பாரமாக இருந்தால் பேச முடியாது.

அன்றைக்குச் செபமாலைமுத்து வீட்டுக்கு வந்து செருப்பைக் கழற்றாமல் கதிரையில் இருந்தார்.

"என்னவோ கதைக்கினம்."

"என்னவாம்?"

"நீயும் கனகலிங்கமுமாம்."

பியற்றிஸ் கையிலிருந்த துணியைப் பிழிந்தாள். "நீங்கள் என்ன சொன்னனியள்?"

"சிரிச்சனான். எடியேய், நீ ஒரு விசயத்தை நாலு மணித்தியாலம் வைச்சிருக்கமாட்டாய். அப்பிடி ஒண்டு இருந்திருந்தால் முதல் ஆளா எனக்கெல்லோ வந்து சொல்லியிருப்பாய்." பிறகு மெதுவாகக் கேட்டார்: "என்ன விசயம்?"

"சொல்ல ஏலாது."

செபமாலைமுத்து அவளைத் திரும்பிப் பார்த்தார். முப்பத்தைந்து வருடக் கலியாணத்தில் அந்த இரண்டு சொல்லையும் அவர் சேர்த்துக் கேட்டதில்லை. செருப்பைக் கழற்றினார். "அப்ப அது பெரிய விசயம்தான்," என்றுவிட்டு, அடுத்த நாளிலிருந்து கறிச்சட்டியைக் காவிக்கொண்டு கேற்றடிவரை அவரே வந்தார். உள்ளே போகவில்லை. தன் பாட்டுக்கு நின்று பேப்பர் பார்த்தார். அதைப் பார்த்த பெனிற்றாவுக்கு அன்றைக்குச் சாப்பாடு இறங்கவில்லை என்று கேள்வி.

ஏழாம் கிழமை, சனிக்கிழமை காலை பத்து மணிக்கு, பியற்றிஸ் வீட்டுக் கதவு தட்டப்பட்டது. திறந்தால் கனகலிங்கம். சவரம் செய்த முகம். கையில் சாமான் இழுக்கிற சில்லு வண்டி. அதில் ஏற்கனவே ஒரு ஏணியும் சுவர் மணிக்கூடும் கட்டியிருந்தன.

"பியற்றிஸ், என்ரை கிரைண்டரைத் தாரும்."

"என்ன?"

"கிரைண்டர். குடுத்தனான்தான், இல்லையெண்டு சொல்லேல்லை. இப்ப எனக்கு வேணும். உழுந்து ஊறப்போட்டிட்டன்."

காலையிலிருந்து அவர் வீடு வீடாகப் போய்க் கொடுத்ததையெல்லாம் திருப்பிக் கேட்டுக்கொண்டிருந்தார். கர்ணன் என்று புகழ்ந்த தெரு, கதவைச் சாத்திய கையோடு கஞ்சன் என்று சொல்லத் தொடங்கியிருந்தது. மீன்தொட்டி வீட்டுக்காரி, மீன்களுக்குப் பேர்கூட வைத்துவிட்டோம் என்று சண்டை பிடித்துப் பார்த்தாள். வேண்டுமானால் பேரை வைத்துக்கொள்ளுங்கோ, மீனைத் தாருங்கோ என்றாராம்.

"ஆர் சொல்லித் தந்தது உழுந்து போட?" என்றாள் பியற்றிஸ்.

"புதன்கிழமை கதைக்கிற இடத்திலை ஒரு மனுசன். அவருக்கும் மனிசி இல்லை. இண்டைக்கு அரைச்சு வைச்சால், நாளைக்குக் காலமை தோசை சுடலாம் எண்டார். நாளைக்கு ஒரு நாலு பேரை வரச்சொல்லியும் இருக்கிறன்."

நாளைக்கு. அந்த மனிதர் அந்தச் சொல்லை ஏணிக்கும் மணிக்கூட்டுக்கும் நடுவில் நின்று சாதாரணமாகச் சொன்னார். பியற்றிஸ் குசினிக்குள் திரும்பினாள், கண்ணைச் சேலைத்தலைப்பால் துடைத்தாள், கிரைண்டரைப் பார்த்தாள். அதற்குப் பக்கத்தில் அவளுடைய உழுந்தும் ஒரு வாளியில் விடியப்புறத்திலிருந்து ஊறிக்கொண்டிருந்தது.

"அண்ணை, துவக்கு?" என்று குசினியிலிருந்தே, இரகசியமாக, அதாவது அவளுடைய அளவுக்கு இரகசியமாகக் கேட்டாள்.

"அது அங்கையே கிடக்கட்டும். வித்துத்தரச் சொல்லிப்போட்டன்."

"அப்ப நில்லுங்கோ. என்ரை உழுந்தை என்ன செய்யிறது? உங்கடை வீட்டிலை அரைச்சுத் தாங்கோ."

கொஞ்ச நேரத்தில் அந்தத் தெருவில் ஒரு ஊர்வலம் போனது. முன்னால் கனகலிங்கம், சில்லு வண்டியில் கிரைண்டரும் ஏணியும் மணிக்கூடுமாக. நடுவில் பியற்றிஸ், தளும்பத் தளும்ப உழுந்து வாளியோடு. கடைசியில் செபமாலைமுத்து, கிரைண்டர்க் கல்லை இரண்டு கையாலும் நெஞ்சோடு அணைத்தபடி, குழந்தையைத் தூக்கிப் போகிறவர்போல.

எதிரே பெனிற்றா. கிரைண்டர் திரும்பிப் போகிறதென்றால் பிரிந்துவிட்டார்கள். ஆனால் உழுந்தும் கூடப் போகிறதே? அதற்குப் பின்னால் புருசன் கல்லோடு போகிறாரே? அவள் மூன்று பேரையும் மாறி மாறிப் பார்த்தாள்.

"பியற்றிஸக்கா, என்னக்கா இது?"

பியற்றிஸ் நின்றாள். வாளியை மற்றக் கைக்கு மாற்றினாள். ஏழு கிழமைச் செய்தி நாக்கு நுனிவரை வந்து நின்றது. முன்னால் போன கனகலிங்கமும் நின்று திரும்பிப் பார்த்தார்.

"உழுந்து," என்றாள் பியற்றிஸ். "அரைக்கப் போறம்."

பிறகு வாளித் தண்ணீர் சேலையில் தெறிக்கத் தெறிக்கக் கனகலிங்கம் வீட்டுக் கேற்றைக் காலால் தள்ளிக்கொண்டு உள்ளே போனாள்.